அம்மா முணுமுணுத்த வேகம்

அண்ணன் சுவிசுக்குப் போய் இரண்டு வருடமான பிறகுதான் எமுலேட்டர் என்ற சொல்லைக் கேள்விப்பட்டேன். அது ஒரு ஞாயிற்றுக்கிழமை. தொலைபேசியில் வழக்கமான கேள்விகள் எல்லாம் முடிந்துவிட்டிருந்தன. சாப்பிட்டியா, அங்க மழையா, சந்தியில சோதனை இருக்கா, வேலைக்குப் போனியா. அதற்கு மேல் எங்கள் இருவருக்கும் பேச்சு வராது. வைக்கவும் மனம் வராது.

"புள்ள, நம்மட ரீவி கேம் ஞாபகம் இருக்கா?" என்றான்.

"ஏன் இல்லாம?"

"அத இப்ப கம்பியூட்டர்ல விளையாடலாம். எமுலேட்டர் எண்டு ஒண்டு இருக்கு. அதப் போட்டா கம்பியூட்டர் தன்னை அந்தப் பழைய பெட்டி எண்டு நினைச்சிரும்."

அந்தப் பெட்டியை அம்மாவின் தம்பி குவைத்தில் இருந்து கொண்டுவந்து தந்தார். அப்பா நான் சின்னப் பிள்ளையாக இருக்கும்போதே காய்ச்சலில் போய்விட்டார். அதனால் மாமா வரும்போதெல்லாம் எங்களுக்கென்று ஏதாவது ஒன்று அவருடைய பயணப் பெட்டிக்குள் இருக்கும். ரீவி கேமோடு மஞ்சள் நிறக் கசெட் ஒன்றும் வந்தது. அதில் லட்சக்கணக்கான விளையாட்டுகள் இருப்பதாக மேலே எழுதியிருந்தது. போட்டுப் பார்த்தால் அதே ஏழெட்டு விளையாட்டுகள்தான் வேறு வேறு பெயரில் திரும்பத் திரும்ப வந்தன. அந்தப் பெயர்ப் பட்டியலின் அடிவரைக்கும் போய்ப் பார்த்துவிட அண்ணன் பல நாள் முயன்றான். அதற்குள் கரண்ட் போய்விடும்.

எங்களுக்குப் பிடித்தது டாங்கி விளையாட்டு. செங்கல் சுவர்களுக்கு நடுவே டாங்கிகள் ஓடும். திரையின் அடியில் பருந்துச் சின்னம் ஒன்று இருக்கும். எதிரி அதைச் சுட்டுவிட்டால் ஆட்டம் முடிந்தது. அம்மா அதைக் கோழி என்றுதான் சொல்வார். தையல் மெஷினை விட்டு எழுந்து வந்து, பாயில் கால் நீட்டி உட்கார்ந்து, இரண்டாவது ஜொய்ஸ்டிக்கைக் கையில் எடுப்பார்.

"நீங்க போய்ச் சண்டை பிடிங்க. நான் கோழியப் பாத்துக்கொள்ளுறன்."

பச்சை டாங்கியைக் கோழிக்குப் பக்கத்தில் நிறுத்தினால் நிறுத்தியதுதான். கிட்ட வருகிறவனை மட்டும் சுடுவார். நானும் அண்ணனும் முறை வைத்து முன்னால் போய்ச் செத்துச் செத்துத் திரும்புவோம். ஆட்டம் தொடங்கும்போது ஒரு சின்ன இசை வரும். அது முடிந்த கையோடு ரீவியின் சத்தத்தை முழுக்கக் குறைக்கச் சொல்வார். ரோட்டால் போகிற ஆமிக்காரனுக்கு வெடிச்சத்தம் கேட்டுவிடக் கூடாது என்பது அவருடைய பயம். அதனால் அந்த விளையாட்டில் எங்கள் காதில் விழுந்தது அந்தத் தொடக்க இசை மட்டுந்தான். அம்மாவுக்கு அது நன்றாக ஒட்டிக்கொண்டது. அடுப்பு மூட்டும்போதும், ஊசியில் நூல் கோர்த்துக்கொண்டு மெஷினில் உட்காரும்போதும் அதை முணுமுணுப்பார். எந்த வேலையையும் அப்படித்தான் தொடங்குவார்.

சுனாமி என்று கடல் வந்த அன்று நான் டவுனில் இருந்தேன். நான் வேலை செய்த ஸ்டூடியோவில் நத்தார் பண்டிகைக்கு எடுத்த படங்கள் குவிந்து கிடந்ததால், ஞாயிறென்றும் பாராமல் வரச் சொல்லியிருந்தார்கள். எங்கள் வீடு நாவலடியில், முன்னால் கடல், பின்னால் வாவி. அண்ணன் வாவிக்குள் தோணியில் நின்றிருக்கிறான். அலை மணல் திட்டைத் தாண்டி வந்து விழுந்தபோது அவனைத் தோணியோடு அக்கரையில் கொண்டுபோய் எறிந்துவிட்டது. அம்மா வீட்டில் இருந்தார். மூன்றாம் நாள் அவரை வாவியில் இருந்து எடுத்தார்கள். அண்ணன் மட்டும் போய்ப் பார்த்தான். என்னை விடவில்லை. திரும்பி வந்து, "அம்மாதான்" என்றான். பின்னேரமே மற்றவர்களோடு சேர்த்துப் புதைத்துவிட்டார்கள். அந்த ஒரு சொல்லுக்கு மேல் அவன் எதுவும் சொல்லவில்லை.

நான் கேட்கவும் இல்லை. அதற்கு என் வேலையும் ஒரு காரணம். அடுத்த மாதங்களில் ஸ்டூடியோவுக்கு வந்ததெல்லாம் கடல் தண்ணீர் பட்ட படங்கள். கல்யாணப் படம், பெரியபிள்ளையான சாமத்தியச் சடங்குப் படம், முதல் பிறந்தநாள். சேலையின் கரை தெளிவாக இருக்கும், கழுத்து மாலையில் பூக்கூட எண்ணலாம், முகம் இருந்த இடத்தில் மட்டும் மஞ்சளாக ஏதோ படர்ந்திருக்கும். அவற்றைக் கணினியில் ஏற்றி, இருக்கிறதை வைத்துக்கொண்டு இல்லாததை நிரப்புவது என் வேலை. நாள் முழுவதும் அப்படியான முகங்களைப் பார்த்துவிட்டு வந்து கண்ணை மூடினால், அம்மாவின் முகமும் அப்படித்தான் வரும். அண்ணன் என்ன பார்த்தானோ என்று நினைப்பதற்குள் கண்ணைத் திறந்துவிடுவேன்.

பிறகு சண்டைக்கு ஆள் பிடிக்கத் தொடங்கினார்கள். யார் பிடிக்கிறார்கள் என்று சத்தமாகக் கேட்கவும் முடியாத காலம். அண்ணனோடு படித்த ஒருவன் வாழைச்சேனையில் கடைக்குப் போய்த் திரும்பி வரவில்லை. அதே வாரம் மாமா அண்ணனைக் கொழும்புக்குக் கூட்டிக்கொண்டு போனார். அங்கிருந்து ஒரு மாதிரியாக அவன் சுவிசுக்குப் போய்ச் சேர்ந்தான். எனக்குத் திராய்மடுவில் வீட்டுத்திட்டத்தில் ஒரு வீடு கிடைத்தது. ஒரே மாதிரியான வீடுகள், ஒரே மாதிரியான கதவுகள், நட்டு இன்னும் நிழல் தராத மரங்கள். மாலை ஆறு மணியானால் எல்லோரும் கதவைச் சாத்திவிடுவார்கள். நானும் சாத்திவிடுவேன். சாத்திய பிறகு வீட்டில் ஒரு ஆள் பேசுவதற்கு என்ன இருக்கிறது? சில நாட்களில் சோறு வடிக்கும்போது என் தொண்டையைச் செருமிப் பார்ப்பேன், குரல் இருக்கிறதா என்று.

ஸ்டூடியோ முதலாளி ஒரு பறங்கிக்காரர், நான் அங்கிள் என்று கூப்பிடுவேன். புதுக் கணினி வாங்கியபோது பழையதை என்னிடம் தந்து, "கொண்டு போ மகள், வீட்டில ஒரு சத்தமாவது இருக்கும்" என்றார். எமுலேட்டரை அவருடைய கடையின் இன்டர்நெட்டில்தான் இறக்கினேன். அண்ணன் அனுப்பிய இணைப்பைத் திறந்துவிட்டு, பெரிதாக ஏதோ வரப்போகிறது என்று காத்திருந்தேன். கண்ணை மூடித் திறப்பதற்குள் இறங்கிவிட்டது. அந்த டாங்கி விளையாட்டு முழுவதும், நான் திருத்தும் ஒரு பாஸ்போர்ட் படத்தைவிடச் சிறியது. எத்தனையோ பின்னேரங்கள் அவ்வளவு சின்னதற்குள் இருந்ததா என்று நினைத்தேன். பென் டிரைவில் போட்டு வீட்டுக்குக் கொண்டுவந்தேன்.

முதலில் திரையின் மூலையில் தீப்பெட்டி அளவில் ஒரு சன்னல் திறந்தது. அதைப் பெரிதாக்கினால் படம் உடைந்தது. பிறகு சத்தம் கரகரத்தது. ஒவ்வொன்றாகச் சரிசெய்தேன். எந்த விசை சுடுவதற்கு, எந்த விசை திரும்புவதற்கு என்று நானே வைத்துக்கொள்ள வேண்டும். முதல் ஆட்டக்காரருக்கு வைத்தேன். இரண்டாவது ஆட்டக்காரருக்கான இடங்களை வெறுமையாக விட்டேன். எல்லாம் சரி. ஆனால் ஆட்டம் தொடங்கியதும் ஏதோ பிழையாக இருந்தது. யாரோ பின்னால் நின்று அவசரப்படுத்துவது போல. என்னவென்று பிடிபடவில்லை. அது வேறு விளையாட்டு என்றே நினைத்துக்கொண்டு மூடிவிட்டேன்.

அடுத்த ஞாயிறு அண்ணனிடம் சொன்னேன்.

"பாட்டு கெதியா ஓடுதா?" என்று கேட்டான்.

அப்போதுதான் விளங்கியது. "ஓம் அண்ணா, பாட்டுத்தான்."

"எனக்கும் அப்பிடித்தான் இருந்தது. அமெரிக்கா, யப்பான் ரீவிக்கு ஒரு வேகம். நம்மட ரீவிக்கு வேற வேகம், கொஞ்சம் மெதுவா. செட்டிங்ஸுக்குள்ள போய் பால் எண்டு இருக்கிறத அமத்து."

"பாலா?"

"பசும்பால் இல்ல. பீ, ஏ, எல்."

இரண்டு பேரும் சிரித்தோம். நாங்கள் சேர்ந்து சிரித்து எவ்வளவோ காலமாகியிருந்தது. அவன் தொலைபேசியை வைத்த பிறகு அப்படியே செய்தேன். ஆட்டத்தைத் திரும்பத் தொடங்கினேன். அந்தச் சின்ன இசை வந்தது, அம்மா முணுமுணுத்த வேகத்தில்.

சமையலறைப் பக்கம் திரும்பிப் பார்த்தேன். உண்மையாகவே திரும்பிப் பார்த்தேன். பிறகு கணினியை நிறுத்திவிட்டு வாசற்படியில் போய் உட்கார்ந்தேன். அடுத்த வீட்டில் யாரோ துணி அடித்துத் துவைக்கிற சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது.

அதன் பிறகு நாங்கள் ஒரு பழக்கத்துக்கு வந்தோம். எமுலேட்டரில் ஆட்டத்தை எந்த இடத்திலும் நிறுத்திச் சேமித்து வைக்கலாம். பழைய பெட்டியில் அது இல்லை, ஒவ்வொரு தடவையும் தொடக்கத்தில் இருந்துதான். ஒரு கட்டத்தை நான் முடித்துச் சேமித்து, பென் டிரைவில் கொண்டுபோய்க் கடையில் இருந்து மின்னஞ்சலில் அனுப்புவேன். அண்ணன் அடுத்ததை முடித்துத் திருப்பி அனுப்புவான். மின்னஞ்சலில் வேறு ஒன்றும் எழுதுவதில்லை. சில நேரம், "சுவரெல்லாம் போயிற்று, கவனம்" என்று ஒரு வரி. அண்ணன் அனுப்புகிற ஆட்டத்தைத் திறந்தால் அவன் எங்கே நிறுத்தினானோ அந்த இடத்தில் டாங்கி நிற்கும். அவன் இப்போதுதான் எழுந்து போனது போல இருக்கும். வேலை முடிந்து வந்து அதைத் திறப்பதற்காகவே பஸ்ஸில் சன்னலோர இடத்தைக்கூடப் பார்க்காமல் ஏறிவிடுவேன்.

வன்னியில் சண்டை இறுகிய மாதங்களில் அவனிடமிருந்து ஆட்டம் வருவது நின்றது. தொலைபேசியில் குரல் மாறியிருந்தது. சுவிசில் தமிழர் எல்லோரும் வீதியில் இறங்கி நிற்கிறார்கள் என்றான். யாரும் ஒட்டுக்கேட்கக்கூடிய என் தொலைபேசியில் எதைச் சொல்லலாம் என்று அவனுக்குத் தெரியும். டாங்கிகள் ஓடுகிற திரையை எனக்கும் பார்க்கப் பிடிக்கவில்லை. கணினியின் மேல் துணி போட்டு மூடிவிட்டேன்.

சண்டை முடிந்துவிட்டது என்று வானொலி சொன்ன அன்று டவுனில் வெடி கொளுத்தினார்கள். அங்கிள் கடையின் பாதிக் கதவை இறக்கிவிட்டு, என்னை வேளைக்கே வீட்டுக்குப் போகச் சொன்னார். சோதனைச் சாவடியில் வெற்றிக்கென்று பாற்சோறு கொடுத்தார்கள். பஸ்ஸில் இருந்தவர்கள் வாங்கினார்கள், நானும் வாங்கினேன். எல்லோரும் அதைக் கையில் வைத்துக்கொண்டு ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் இருந்தோம். அன்று அண்ணனே தொலைபேசியில் கூப்பிட்டான்.

"அங்க என்ன சத்தம்?"

"வெடி கொளுத்துறாங்க."

"ம்."

அதோடு தொலைபேசியை வைத்தோம்.

சில வாரங்கள் கழித்து அவனே சொன்னான், இரண்டு பேரும் ஒரே நேரத்தில் சேர்ந்து விளையாடவும் வழி இருக்கிறதாம், இன்டர்நெட் கொஞ்சம் வேகமாக இருந்தால் போதும் என்று. அங்கிளிடம் கேட்டேன். ஞாயிற்றுக்கிழமை சாப்பிட்டுப் படுக்கப் போகும்போது கடைப் பூட்டின் திறப்பை என்னிடம் தந்துவிட்டுப் போனார். கணினியிலேயே அண்ணனின் குரல் வந்தது. அங்கே காலை. மஞ்சள் டாங்கி எனக்கு, பச்சை அவனுக்கு. ஆனால் ஓடவே இல்லை. நான் விசையை அமத்தினால் ஒரு மூச்சு விட்ட பிறகுதான் டாங்கி அசைந்தது. படம் நின்று நின்று போனது. ஒன்றையும் சரியாகச் சுட முடியவில்லை.

"விடு, அப்பிடியே போகட்டும்" என்றான் அண்ணன். பச்சை டாங்கியைப் பின்னால் எடுத்துப் பருந்துக்குப் பக்கத்தில் நிறுத்தினான். "நீ போ. நான் கோழியப் பாக்கிறன்."

நான் போனேன். நின்று நின்று ஒரு செங்கல் சுவரை உடைத்தேன். பிறகு, ஏதோ கடைக்குப் போய்வந்ததைச் சொல்வது போல, அவன் சொன்னான்.

"அம்மா நித்திரை கொள்ளுற மாதிரித்தான் கிடந்தா, புள்ள. முகத்தில ஒண்டும் இல்ல. தலைமயிர்ல மட்டும் கொஞ்சம் மண். நான் தட்டிவிட்டன்."

என் டாங்கி ஒரு சுவரில் முட்டிக்கொண்டு நின்றது.

"அண்டைக்கே உனக்குச் சொல்லியிருக்கலாம்" என்றான். "வாய் வரல்ல."

"காது?" என்று கேட்டேன். ஏன் அதைக் கேட்டேன் என்று தெரியாது.

"தோடு இருந்தது. அந்தச் சிவப்புக் கல்லுத் தோடு. அதோடதான் வச்சம்."

"சரி அண்ணா."

"விளையாடு. மேல ஒருத்தன் வாறான்."

அந்த வேகத்தில் அவனைச் சுட முடியவில்லை. எங்கள் இருவரையும் தாண்டி வந்து பருந்தைச் சுட்டான். ஆட்டம் முடிந்தது. அண்ணனுக்கு வேலைக்கு நேரமாகிவிட்டது. நான் கடையைப் பூட்டித் திறப்பை அங்கிளின் வீட்டில் கொடுத்தேன். அண்ணன் சொன்னது முழுவதும் உண்மையா, எனக்காகச் சொன்னதா என்று பஸ்ஸில் வரும்போது யோசித்தேன். வாவியில் மூன்று நாள். எனக்கும் கணக்குத் தெரியும். ஆனால் அவனிடம் அதைக் கேட்கப்போவதில்லை என்று அப்போதே முடிவு செய்துவிட்டேன்.

அதற்கடுத்த ஞாயிறு நாவலடிக்குப் போனேன். புதைத்த இடத்துக்கு நான் போனது அதுதான் முதல் தடவை. கல்லடிப் பாலத்தைத் தாண்டி இறங்கி நடந்தேன். வெயில் கொளுத்தியது. அங்கே வயதான ஒரு அம்மா தன் ஆட்களின் இடத்தில் புல் பிடுங்கிக்கொண்டிருந்தார்.

"ஆர்ர இடம் புள்ள தேடுறாய்?"

"அம்மாட. சரியா எந்த இடம் எண்டு தெரியாது."

"இவ்வளவு காலமும் வரல்லியா?"

"இல்ல அம்மம்மா."

அவர் கையில் இருந்த புல்லைப் போட்டுவிட்டு எழுந்தார். எல்லோருமே ஒரே இடத்தில்தான், எங்கே நின்று கும்பிட்டாலும் சரி என்றார். தன்னிடம் மிஞ்சிய கற்பூரத்தில் பாதியைத் தந்தார். கடற்காற்றில் அது பற்றவே இல்லை. அவர் சேலையை விரித்து மறைத்துப் பிடிக்க, நான் நாலைந்து குச்சி கிழித்த பிறகு பற்றிக்கொண்டது. அது எரிந்து முடியும்வரை நின்றேன். அம்மாவின் முகத்தை நினைத்துப் பார்த்தேன். வந்தது, அண்ணன் சொன்ன மாதிரியே, கண்ணை மூடிக்கொண்டு.

அதற்குப் பிறகு நாங்கள் சேர்ந்து விளையாடவில்லை. அண்ணனுக்கு அங்கே வேலை கூடியது, பிறகு கல்யாணம், பிள்ளைகள். தொலைபேசியில் இப்போது பிள்ளைகளின் சத்தம்தான் கூடுதலாகக் கேட்கும். அவர்களுக்கு என்னோடு பேசத் தமிழ் போதாது. எனக்கு அவர்களின் மொழி தெரியாது. "மாமி" என்று சொல்லிவிட்டு ஓடிவிடுவார்கள். பிறகு அண்ணன் வாங்கி, சாப்பிட்டியா என்று கேட்பான். சாப்பிட்டேன் என்பேன். அன்று சாப்பிடாவிட்டாலும் அப்படித்தான் சொல்வேன். தொலைபேசியை வைத்துவிட்டு எழுந்து போய் உலை வைப்பேன்.