மடிப் புடவையும் எங்கள் கிணறும்

காலையில் வந்த கோபம் இன்னும் அடங்கவில்லை.

சின்ன காஞ்சிபுரத்திலிருந்து ஒருவர், பிள்ளையார்பாளையத்தில் இருக்கும் எங்கள் தறிவீட்டுக்கு வந்தார். அவர் மனைவி பூஜைக்கு மடியாக உடுத்தப் பட்டு வேண்டுமாம். இருப்பதிலேயே மலிவான சிவப்புப் புடவையைக் காட்டி, "இது மட்டும் ஏன் விலை கம்மி?" என்றார்.

"டப்பாவுல வர்ற கெமிக்கல் சாயம், சாமி. அரக்குச் சாயம்னா நாள் கணக்காவும். இது மத்தியானத்துக்குள்ள ஏறிடுது."

அவருக்கு முகமெல்லாம் சிரிப்பு. புடவையைத் தொடுமுன் கை அலம்ப ஜலம் கேட்டார். கிணற்றில் இறைத்துச் சொம்பில் எடுத்துப் போனேன். சொம்பைப் பார்த்ததும் பதறிப் பின்வாங்கினார்.

"என்னப்பா, ஜலம் இப்படிச் செவந்திருக்கு?"

"சாயப்பட்டறைக்காரங்க சாயம் முக்கின தண்ணிய பக்கத்துலயே ஊத்துறாங்க, சாமி. கிணத்துல இறங்கிடுச்சு. இதுலதான் நாங்க சோறாக்கிக்கினு இருக்கறோம்."

"ஐயய்யோ, தள்ளி வை! மேல தெறிச்சா மடி போயிடும்!"

எனக்குக் கோபம் வாய்வரை வந்தது. விற்கிற இடத்தில் நிற்கிறேன்; சொம்பைத் தள்ளி வைத்துவிட்டுப் புடவையை மடித்துக் கொடுத்தேன்.

அதே சாயத்தில் முக்கியெடுத்த புடவையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு போனார்.

புடவை சுத்தமாம், தண்ணீர்தான் தீட்டாம்.

எங்கள் வீட்டில் சோறு ரோஜா நிறத்தில் வேகிறது. உங்கள் வீட்டில் என்ன நிறம்?