கடைசி அட்டையை நான் மாற்றி வாசித்தேன்

ஹில்ஸ்பரோ மண்டபத்தில் பழைய ஜெர்மன் ஊமைப்படம் ஒன்றைத் தமிழ்ச் சனத்துக்குப் போட்டார்கள். இடையிடையே வரும் எழுத்து அட்டைகளைத் தமிழில் மைக்கில் வாசிப்பது என் வேலை. இங்கே வருமுன் ஒன்பது வருடம் ஜெர்மனியில் அகதியாக இருந்தவள் நான். அந்த மண்டபத்தில் வேறு ஒருவருக்கும் ஜெர்மன் தெரியாது.

பக்கத்தில் கீபோர்டோடு என் மனுசன். நான் எல்லர்ஸ்லி ஒபிசால் வேலை முடிந்து வந்து, சோற்றை அடுப்பில் வைத்துவிட்டுப் போட்ட மெட்டுகளைத்தான் அவர் வாசித்தார். துண்டுப்பிரசுரத்தில் இசை என்று அவர் பேர் மட்டும். பத்து வருடமாக எல்லா மேடையிலும் இதே கூத்துத்தான். கேட்டதற்கு, "நானும் நீயும் ஒண்டுதானே, பேரில என்ன கிடக்கு?" என்றார். பேரில் ஒன்றுமில்லை என்றால் தன்னுடையதை ஏன் போட்டாராம்?

படத்திலும் ஒருத்தி. காதலன் பெரிய இசைக்காரனாக வேண்டுமென்று தான் பாடிய மேடையை விட்டவள். அவன் புகழோடு இன்னொருத்தியைக் கட்டுகிறான். இவள் நோயில் கிடந்து, "உன் புகழே எனக்குப் போதும்" என்று சொல்லிச் சாகிறாள். ஒத்திகையில் இரண்டு தரம் அதை அப்படியே வாசித்தேன். இரண்டு தரமும் நாக்குக் கசந்தது.

அன்று கடைசி அட்டை வந்தது. "நீ வாசிப்பதெல்லாம் என் பாட்டு. என் பேரைச் சொல்லாமல் மேடையை விட்டு இறங்காதே" என்று வாசித்தேன். அது படத்தில் இல்லை என்று ஒத்திகையில் கேட்டிருந்த அவருக்கு மட்டும்தான் தெரியும். கீபோர்ட் நின்றுவிட்டது. திரையில் அவள் சத்தமில்லாமல் செத்தாள். சனம் மூக்கைச் சிந்தியது. எனக்கு நல்ல சந்தோசம்.

விளக்கைப் போட்டதும் அவரைப் பேசச் சொன்னார்கள். என்னைப் பார்த்தார். நான் கண்ணை எடுக்கவில்லை.

"இசை எல்லாம் என்ர மனுசி போட்டது" என்றார்.

மண்டபம் எழுந்து நின்று கைதட்டியது, அவருக்கு. மனுசிக்கு விட்டுக்கொடுக்கிற பெரிய மனசாம். முன்வரிசைப் பெண் ஒருத்தி ஓடிவந்து என் கையைப் பிடித்து, "நீங்கள் குடுத்து வைச்சனீங்கள், அக்கா" என்றாள்.

மைக் இன்னும் என் கையில்தான் இருந்தது.

"இல்லைத் தங்கச்சி, இவர் பத்து வருசமா என்ர பாட்டைக் களவெடுத்தவர்" என்றேன். கடைசி வரிசை வரைக்கும் கேட்டது.