இனெஸ் அக்காவின் தம்பி

லண்டன் இல்ஃபோர்டில் ஒரு தமிழ்க் கடையில் கத்தரிக்காய் பொறுக்கிக்கொண்டு நின்றபோது கைத்தொலைபேசி அடித்தது. இனெஸ் அக்காவின் மகள் பவுலா. ஞாயிற்றுக்கிழமை காலையில் எனக்கு எடுக்கிற பழக்கம் அவளுக்கு இல்லை. "அம்மா விடியப் போயிட்டா" என்றாள்.

கடைக்காரத் தம்பி என் முகத்தைப் பார்த்துவிட்டுப் பையை வாங்கி ஓரமாக வைத்தார். "ஆர் அக்கா, ஊரிலையோ?" என்று கேட்டார்.

"இல்லை, இஞ்சைதான். இனெஸ் அக்கா."

"ஆர், நீங்கள் முருங்கைக்காய் வாங்கிக்கொண்டு போய்க் குடுக்கிற அந்தச் சிலி அக்காவோ?" என்றவர் கத்தரிக்காய்க்குக் காசு வாங்க மறுத்துவிட்டார். அவர் இனெஸ் அக்காவைக் கண்டது ஒரே ஒரு முறைதான்.

இதை வாசிக்கும் லண்டன் தமிழர்களில் பலருக்கும் அவரைத் தெரிந்திருக்கும். ஆர்ச்வே முருகன் கோயிலில், சாப்பாட்டு வரிசையில், நரைத்த முடியைக் கட்டையாக வெட்டிக்கொண்டு, இரண்டாம் தரமும் சாம்பார் கேட்டுக்கொண்டு நின்ற வெள்ளைக்கார அம்மா என்றால் நினைவு வரும். அவர் வெள்ளைக்காரி இல்லை, தென்னமெரிக்காவில் சிலி நாட்டுக்காரி என்று எத்தனை பேரைத் திருத்தியிருப்பேன்! அவரோ யாரையும் திருத்தவில்லை. சாம்பார் கிடைத்தால் போதும் அவருக்கு.

நாங்கள் இருவரும் ஆர்ச்வேயில் ஒரு நிலக்கீழ் அறையில் வேலை செய்தோம். பல் வைத்தியர்கள் அனுப்பும் அச்சுகளை வைத்துக் கட்டுப்பல்லும், உடைந்த பல்லுக்கு மேலே போடும் உறையும் செய்கிற இடம் அது. இரண்டாயிரத்தில் நான் அங்கே சேர்ந்தபோது என் ஆங்கிலம் பயந்த ஆங்கிலம். இனெஸ் அக்காவின் ஆங்கிலம் எதற்கும் பயப்படாத பிழையான ஆங்கிலம். முதல் நாளே தன் கதிரைக்குப் பக்கத்தில் என் கதிரையை இழுத்துப் போட்டார். அன்று தொடங்கி நாங்கள் பேசியதெல்லாம் ஆங்கிலத்தில்தான். ஆனால் இப்போது நினைத்துப் பார்க்கையில் அவர் குரல் எனக்குத் தமிழில்தான் கேட்கிறது. அப்படியே எழுதுகிறேன்.

என்னிடமிருந்து அவர் பிடித்துக்கொண்ட முதல் தமிழ்ச் சொல் 'ஏலாது'. அம்மாவோடு நான் தொலைபேசியில் பேசுகிறபோது அடிக்கடி கேட்டிருக்கிறார். ஒரு வெள்ளிக்கிழமை, வீட்டுக்குப் போகும் நேரம் பார்த்து முதலாளி ஒரு பெட்டி நிறைய அவசர வேலை கொண்டுவந்து வைத்தார். இனெஸ் அக்கா கண்ணாடியை நெற்றியில் ஏற்றிவிட்டு, "ஏலாது" என்றார். முதலாளிக்குச் சொல் விளங்கவில்லை, பொருள் விளங்கிவிட்டது. பெட்டியைத் திருப்பிக்கொண்டு போனார். அதற்குப் பிறகு அந்த அறையில் போலந்துக்காரர், கானாக்காரர், முதலாளி உட்பட எல்லோரும் 'ஏலாது' சொல்லத் தொடங்கிவிட்டார்கள்.

இப்படிச் சிரித்துக்கொண்டிருந்த மனுஷியின் இன்னொரு பக்கத்தை ஒரு மத்தியானம் கண்டேன். அந்தத் தெருவில் மின்சாரம் நின்றுபோய், ஜன்னல் இல்லாத எங்கள் அறை கண் தெரியாத இருட்டாகிவிட்டது. யாரோ மெழுகுதிரி தேடினார்கள். திடீரென்று இனெஸ் அக்கா பாடத் தொடங்கினார். சுருதியும் இல்லை, தாளமும் இல்லை, அவ்வளவு சத்தமாக. எல்லோரும் சிரித்தார்கள், நானும் சிரித்தேன். வெளிச்சம் வந்தபோது பார்த்தேன், அவருடைய இரண்டு கையும் மேசை விளிம்பை இறுக்கிப் பிடித்திருந்தன.

தேநீர் குடிக்கும்போது காரணத்தைச் சொன்னார். "என்னைப் பிடிச்சு வைச்சிருந்த இடத்திலை எல்லாருக்கும் கண்ணைக் கட்டியிருந்தவங்கள். ஆர் இருக்கினம், ஆரைக் கொண்டுபோயிட்டாங்கள் எண்டு தெரியாது. அதுக்காகப் பாடுவம். காலமை கேட்ட குரல் பின்னேரம் கேக்காட்டி அந்தப் பிள்ளையைக் கொண்டுபோயிட்டாங்கள் எண்டு அர்த்தம்." பிறகு, "எனக்குப் பாட வராது எண்டு அங்கையும் சொன்னவையள்" என்று சேர்த்துக்கொண்டார்.

எழுபத்து மூன்றில் சிலியின் இராணுவம் தேர்ந்தெடுக்கப்பட்ட அரசைக் கவிழ்த்து ஆட்சியைப் பிடித்தது. அப்போது இனெஸ் அக்கா தலைநகரில் பல் கட்டும் தொழில் பழகிக்கொண்டிருந்தார். தம்பி அந்திரேஸ் ஒரு நெசவாலையில் வேலை செய்தவன், தொழிற்சங்கத்தில் இருந்தவன். ஆட்சி கவிழ்ந்த சில நாட்களில் சிப்பாய்கள் ஆலைக்குள் புகுந்து, சங்கத்துப் பொடியன்களை லொறியில் ஏற்றி விளையாட்டரங்குக்குக் கொண்டுபோனார்கள். பந்து விளையாட்டுப் பார்க்கச் சனம் போகிற அரங்கு சிறைச்சாலையாகியிருந்தது.

தாயும் மகளும் தினமும் அதன் வாசலில் போய் நின்றார்கள். கையில் துவைத்து மடித்த சேர்ட்டு. காவல்காரன் பொதியை வாங்கிக்கொண்டால் பிள்ளை உள்ளே உயிரோடு இருக்கிறான் என்று ஒரு நிம்மதி. ஒரு நாள் பொதியைத் திருப்பிக் கொடுத்துவிட்டார்கள். அந்தப் பெயரில் இங்கே யாரும் இல்லை, ஒருநாளும் இருந்ததுமில்லை என்றார்கள். தாய் நகரவில்லை. "அப்ப நேற்று ஆருக்கெண்டு சேர்ட்டு வாங்கினனீ?" என்று கேட்டாராம். துவக்கால் தள்ளி விட்டிருக்கிறார்கள்.

அதன் பிறகு இனெஸ் அக்கா அரசாங்கக் கந்தோர் கந்தோராகவும் தேவாலயம் தேவாலயமாகவும் தம்பியைத் தேடி அலைந்தார். தேடியதற்காகவே அவரையும் பிடித்தார்கள். அந்த நாட்களைப் பற்றி, பாட்டைத் தவிர அவர் எனக்கு அதிகம் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. விடுதலையானதும் நாட்டை விட்டுப் போகச் சொன்னார்கள், லண்டனுக்கு வந்து சேர்ந்தார். தாயைத் திரும்பப் பார்க்கும்போது தாய் கிழவியாகியிருந்தார்.

இந்தக் கதையின் மிச்சத்தை, அவருடைய தாய் இறந்து, அடக்கத்துக்குப் போய்த் திரும்பி வந்த கிழமையில் சொன்னார். ஹைகேட் பக்கத்துப் பூங்கா வாங்கொன்றில் அமர்ந்து நான் கொண்டுபோன புட்டைச் சாப்பிட்டுக்கொண்டிருந்தோம். பாதியில் சாப்பாட்டுப் பெட்டியை மூடிவிட்டு, "இனி நான் ஒரு வேலை செய்ய வேணும். செய்தால் ஆரோ ஒரு மனுஷி என்னைக் காறித் துப்புவா" என்றார்.

இராணுவ ஆட்சி முடிந்த பிறகு, பெரிய மயானத்தில் பெயரில்லாமல் புதைத்திருந்தவர்களைத் தோண்டி எடுத்தார்கள். நிபுணர்கள் பார்த்து, அந்திரேஸ் இவன்தான் என்று ஓர் எலும்புக்கூட்டைக் குடும்பத்திடம் கொடுத்தார்கள். இனெஸ் அக்கா அதற்காக லண்டனிலிருந்து போயிருந்தார்.

"தம்பிக்குப் பந்து விளையாடேக்கை முன்பல்லு உடைஞ்சது. நான் தொழில் பழகேக்கை முதல் முதல் செய்த உறை அவன்ரை பல்லுக்குத்தான். நிறம் சரியா வரேல்லை. மற்றப் பல்லைவிட வெள்ளை. சிரிச்சால் அது ஒண்டுதான் தெரியும். அம்மா அதைச் சொல்லிச் சொல்லிப் பகிடி பண்ணுவா." தன் முன்பல்லை விரலால் தொட்டுக் காட்டினார். "அவங்கள் காட்டின தாடையிலை அந்தப் பல்லு முழுசா இருந்தது, பிள்ளை. உறை கழண்டு விழலாம். உறை போட அராவிக் குறைச்ச பல்லு திரும்ப முளைக்காது."

"அப்ப ஏன் சொல்லேல்லை?"

"அம்மா பக்கத்திலை நிண்டவ. என்ரை கையைப் பிடிச்சுக்கொண்டு, 'இவன்தானே? இவன்தானே?' எண்டு கேட்டவ. நான் ஓம் எண்டன்."

தாய் அந்த எலும்புகளை மகன் என்று நம்பிப் புதைத்தார். சாகும்வரை ஞாயிற்றுக்கிழமை தவறாமல் பூக்கொண்டு போனார். தாய் உறங்கத் தொடங்கினது அதற்குப் பிறகுதான் என்றார் இனெஸ் அக்கா. ஆனால் அந்தக் குழிக்குள் கிடப்பவனைத் தேடிக்கொண்டு இன்னொரு வீட்டில் யாரோ இருக்கிறார்கள் என்பது, கல்யாண வீட்டில் சிரித்துக்கொண்டிருக்கும்போதுகூடத் தன் நெஞ்சில் கிடந்ததாகச் சொன்னார்.

சொன்னபடியே செய்தார். லீவு எடுத்துக்கொண்டு சிலிக்குப் போய், "இது என் தம்பி இல்லை, எனக்கு அன்றே தெரியும்" என்று அதிகாரிகளிடம் சொன்னார். அவர்கள் முதலில் நம்பவில்லை. மரபணுவை ஒப்பிட அவரிடம் இரத்தம் எடுத்தார்கள், குழியைத் திறந்தார்கள். முடிவு வரக் காலம் எடுத்தது. அந்தக் காலம் முழுக்க அவர் வேலைமேசையில் பாட்டும் இல்லை, 'ஏலாது'வும் இல்லை. கடைசியில் செய்தி வந்தது. அந்தத் தாடை ஒரு பாண் பேக்கரித் தொழிலாளியுடையது. அவருடைய மனைவி தெரேசா உயிரோடு இருந்தார். மறு அடக்கத்துக்கு வரலாமா என்று இனெஸ் அக்கா ஆள்மூலம் கேட்டனுப்பினார். வேண்டாம் என்று பதில் வந்தது. ஆனாலும் போனார்.

போய்வந்து, அதே பூங்காவில் சொன்னார். "தூரத்திலை ஒரு மரத்துக்குக் கீழை நிண்டன். எல்லாம் முடிஞ்சு சனம் போனாப் பிறகு அவ என்னட்டை வந்தா. துப்பப் போறா எண்டுதான் நினைச்சன். 'என்ரை மனுசனை இவ்வளவு காலம் வைச்சிருந்தனீ. பூவில்லாமல் கிடந்தவரோ?' எண்டு கேட்டா. இல்லை, அம்மா ஒவ்வொரு ஞாயிறும் வாறவ, பூ வைச்சு, அந்தக் கிழமை நடந்த ஊர்வம்பெல்லாம் சொல்லிப்போட்டுத்தான் போறவ எண்டன். அதுக்கு அவ, 'என்ன வம்பு?' எண்டு கேட்டா."

"சொன்னீங்களோ?"

"அம்மா ரெலிபோனிலை சொல்லித் தெரிஞ்சதெல்லாம் சொன்னன். கீழ் வீட்டுக்காரியின்ரை மருமகன் ஓடிப்போனது, பாதிரியாருக்கு வயித்தாலை போனது, எல்லாம். தன்ரை மனுசனுக்கு வம்பு எண்டால் உயிர் எண்டு சொல்லி அவ அழுதா. மன்னிச்சிட்டன் எண்டு ஒருக்காலும் சொல்லேல்லை. பக்கத்திலை நிக்க விட்டா. அதுவே எனக்குக் காணும்."

இப்படித்தான் இனெஸ் அக்கா தம்பிக்கென்று இருந்த ஒரேயொரு கல்லறையை இன்னொருத்திக்குக் கொடுத்துவிட்டு வெறுங்கையோடு லண்டனுக்குத் திரும்பினார். அந்திரேஸ் எங்கே என்று கடைசிவரை தெரியவில்லை. ஆட்சியைப் பிடித்த தளபதி தள்ளாத வயதில் ஆஸ்பத்திரிக் கட்டிலில் இறந்தபோது, கொண்டாடுவார் என்று நினைத்து முதலாளி கேக் வாங்கி வந்தார். இனெஸ் அக்கா கேக்கை வெட்டி எல்லோருக்கும் கொடுத்தார், தான் தொடவில்லை. "தம்பி எங்கை எண்டு கேக்க இருந்த ஒரு ஆளும் போயிட்டுது" என்று மட்டும் சொன்னார்.

இவ்வளவு காலத்திலும் அவரிடம் என் அண்ணையைப் பற்றி நான் வாய் திறந்ததில்லை. யாழ்ப்பாணத்தில் இராணுவத்தின் சோதனைச் சாவடியொன்றில் அவரைச் சைக்கிளை மதிலோடு சாத்திவிட்டு வரச் சொன்னார்கள். சைக்கிள் அங்கேயே நின்றது. அதற்கு மேல் எங்களுக்கு ஒன்றும் தெரியாது. அம்மா தொலைபேசியில் "ஏதும் தெரிஞ்சுதோ?" என்று கேட்பார். நான் மழை பெய்கிறதா, பென்சன் வந்ததா என்று கதையை மாற்றிவிடுவேன். அம்மாவைக் காப்பாற்றுவதாகத்தான் நினைத்திருந்தேன்.

வன்னிப் போரில் சனம் கொத்துக் கொத்தாகச் செத்துக்கொண்டிருந்த இந்த இரண்டாயிரத்து ஒன்பது வசந்தத்தில், நாங்கள் எல்லோரும் லண்டன் பாராளுமன்றத்துக்கு முன்னால் போய் நின்றோமல்லவா? இனெஸ் அக்காவுக்கு அப்போது உடம்பு வருத்தம் கடுமையாகிவிட்டது. வேண்டாம் என்று சொல்லியும் பொல்லை ஊன்றிக்கொண்டு வந்தார். தாய்மார் பிள்ளைகளின் படங்களைப் பிடித்துக்கொண்டு நின்றதை ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டே போனார். திரும்பி வந்து, "உன்னட்டைப் படம் இல்லையோ?" என்று கேட்டார். அவருக்கு எப்படித் தெரிந்தது என்று எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. அந்தப் புல்தரையில் குந்தியிருந்து எல்லாவற்றையும் சொன்னேன்.

அவர் ஆறுதல் சொல்லவில்லை, கோபப்பட்டார். "பிடிச்சுக்கொண்டு போனவங்களுக்கு அவன்ரை பெயரே மிஞ்சக் கூடாது எண்டுதான் ஆசை. நீயும் அம்மாவும் பெயர் சொல்லாமல் இருந்து அவங்களுக்கு ஏன் உதவி செய்யிறியள்? அவன் செத்தான் எண்டு கதைக்காதை, வருவான் எண்டும் கதைக்காதை. அவன் எப்பிடிப்பட்டவன் எண்டு கதை. உன்ரை அம்மா அதுக்குத்தான் காத்துக்கொண்டு இருக்கிறா." ஓம் என்றேன். செய்யத் துணிவு வரவில்லை.

அவரை வழியனுப்பிய அன்று மண்டபம் நிறையச் சிலிக்காரர்கள். எங்கள் ஆட்களும் குறைவில்லை. முதலாளி பேச எழுந்து, "ஏலாது" என்று மட்டும் சொல்லிவிட்டு உட்கார்ந்துவிட்டார். பவுலா தன் மாமா அந்திரேஸைப் பற்றி, நேற்று வந்துபோன ஆளைப் பற்றிச் சொல்வதுபோலச் சொன்னாள். அவள் அவனைக் கண்டதே இல்லை.

வீட்டுக்கு வந்து சப்பாத்தைக்கூடக் கழற்றாமல் ஊரிலுள்ள அம்மாவுக்குத் தொலைபேசி எடுத்தேன். "அம்மா, குகன் அண்ணையைப் பற்றிக் கதைப்பமோ?" என்றேன். அந்தப் பெயரை அம்மாவிடம் சொல்லி எத்தனையோ காலம்.

"ஏன் பிள்ளை, ஏதும் தெரிஞ்சுதோ?"

"இல்லை அம்மா. ஒண்டும் தெரியேல்லை. சும்மா அவரைப் பற்றிக் கதைக்கத்தான்."

அம்மா அழப்போகிறார் என்று பயந்தேன். "அவன் உன்ரை மாமாவின்ரை மோட்டார் சைக்கிளைத் தெரியாமல் எடுத்துக்கொண்டு போய், நிப்பாட்டத் தெரியாமல், பெற்றோல் முடியுமட்டும் கோயிலைச் சுத்தினவன், தெரியுமோ?" என்றார். "ஐயர் ஒவ்வொரு சுத்துக்கும் வெளியிலை வந்து பார்க்கிறார். இவன் ஒவ்வொரு சுத்துக்கும் அவருக்குக் கையெடுத்துக் கும்பிடுறான்..." மேலே சொல்ல முடியாமல் அம்மா சிரித்தார். அம்மா இப்படிச் சிரிப்பார் என்பதே எனக்கு மறந்துபோயிருந்தது.

இனெஸ் அக்காவின் பொருள் என்று என்னிடம் எதுவும் இல்லை. இல்லாதவனின் பெயரை இருக்கிறவர்களுக்கு முன்னால் வாய்விட்டுச் சொல்லும் துணிவு, அதுதான் அவரிடமிருந்து எனக்கு வந்தது. அதை நான் வைத்துக்கொள்கிறேன். அன்று தொலைபேசியை வைக்கப்போகும்போது அம்மா அவசரமாகச் சொன்னார்: "நாளைக்கும் எடு பிள்ளை. குகன் வேலியைப் பிடுங்கி எரிச்சுப்போட்டு முழிச்ச கதை நான் இன்னும் உனக்குச் சொல்லேல்லை."