கோரா அக்கா எனக்குச் சொல்லாத பதினான்கு படங்கள்

கோரா அக்கா போய்விட்டார். நேற்று இங்கே ஜெர்மனியில், எசன் நகரில் அடக்கம் முடிந்தது.

அழவேண்டிய இடத்தில் கோபத்தோடு இருந்துவிட்டு வந்திருக்கிறேன். எங்கே கொட்டுவது என்று தெரியவில்லை... இங்கேயே கொட்டுகிறேன்.

முதியோர் இல்லத்தில் என்னோடு பதினொரு வருடம் ஒரே ஷிஃப்டில் வேலை செய்தவர். பிலிப்பைன்ஸ்காரி. நான் பேசிய டொச் மொழியைக் கேட்டு மற்றவர்கள் சிரித்த காலத்தில் சிரிக்காத ஒரே ஆள். என் வீட்டுக் கதை முழுக்க அவருக்குத் தெரியும்.

நேற்று தேவாலய மண்டபத்தில் பெரிய திரை கட்டியிருந்தார்கள். கறுப்பு வெள்ளைப் படம் ஒன்று ஓடியது. கதாநாயகி... எங்கள் கோரா அக்கா!

பக்கத்தில் இருந்த அவருடைய மகள்தான் விளக்கினாள். பதினேழு வயதில் மணிலாவில் நடிக்கத் தொடங்கினாராம். முதலில் கதாநாயகியின் தோழி, பிறகு நான்கு படங்களில் கதாநாயகி. மொத்தம் பதினான்கு. படக் கம்பனி மூடப்பட்டதும் யாரும் கூப்பிடவில்லை. நேர்ஸ் வேலை படித்து ஜெர்மனிக்கு வந்துவிட்டார்.

"அன்ரி, உங்களுக்குத் தெரியாதோ? இங்க எல்லாருக்கும் தெரியுமே."

பின்வரிசையில் இருந்த எங்கள் பழைய மேற்பார்வையாளரும் தலையாட்டினார்.

எல்லாருக்கும். என்னைத் தவிர.

ஒரு டிசம்பரில் நத்தார் பண்டிகைக்கு இல்லத்தில் சின்ன நாடகம் போட்டோம். பள்ளிக்கூடத்தில் ஒரேயொரு தரம் மேடை ஏறிய நான்தான் இயக்குநர்! கோரா அக்காவுக்கு ஒரே ஒரு வசனம். மரக்கட்டை மாதிரி நின்று சொன்னார். முகத்தில் கொஞ்சம் உணர்ச்சி காட்டுங்கோ என்று எல்லார் முன்னாலும் நடித்துக் காட்டினேன்.

"எனக்கு உதெல்லாம் வராது. நீ சொல்லித் தா" என்றார்.

மூன்று நாள் சொல்லிக் கொடுத்தேன். பாவி மனிசி, பழகுகிற மாதிரியே நடித்தார்.

நினைக்க நினைக்க உடம்பெல்லாம் கூசுகிறது. ஏன் அக்கா? என்னிடம் மட்டும் ஏன்?

அதைவிட ஒன்று இருக்கிறது...

அம்மா யாழ்ப்பாணத்தில் செத்தபோது என் கையில் பாஸ்போர்ட் இல்லை. போக ஏலாது. உடுப்புத் தோய்க்கிற அறையில் வைத்துக் கோரா அக்கா என்னைக் கட்டிப்பிடித்து அழுதார். அந்த அழுகையைப் பிடித்துக்கொண்டுதான் அந்த மாதத்தைக் கடந்தேன்.

நேற்றுத் திரையிலும் அழுதார். என்ன அழகு! கன்னத்தில் ஒரே ஒரு சொட்டு, நிற்கவேண்டிய இடத்தில் நின்றது.

அப்ப அன்றைக்கு அழுததும் நடிப்போ?

மகளிடம் கேட்டு அந்தக் காட்சியைப் போனில் வாங்கினேன். காலையிலிருந்து எத்தனை தரம் பார்த்தேனோ தெரியாது.

என்னோடு அழுத அன்று உங்களுக்கு முகம் வீங்கிவிட்டது அக்கா. இல்லத்துத் துவாயை எடுத்து மூக்கைச் சிந்தினீர்கள். என் தோளெல்லாம் சளி.

படத்தில் ஒரு தரமும் மூக்கு ஒழுகவில்லை.

கோபம் இன்னும் போகேல்லை. போயிட்டு வாங்கோ.