சத்தமில்லாத டாக்டர்

மைக்ரோவேவ் கதவுக் கண்ணாடியைப் பார்த்து பசீர் அகமது வாயசைத்துக்கொண்டிருப்பார். குரல் மட்டும் வராது. புருவம் ஏறும், தலை ஆடும், நடுவில் ஒரு பெருமூச்சுகூட உண்டு. சோறு சூடாகி மணியடித்தாலும் கதவைத் திறக்க மாட்டார். "என்னங்க, டாக்டரா, வக்கீலா? ப்ளேட்டை எடுத்து வச்சுட்டு ஆக்ட் பண்ணுங்க" என்பார் மனைவி நஜீமா.

நியூயார்க்குக்குப் பக்கத்து ஊரான ஈஸ்ட் பிரன்ஸ்விக்கில் பகலெல்லாம் மருந்துக் கம்பெனி வேலை. படப்பிடிப்புக்கு ஆள் வேண்டும் என்று போன் வந்தால் லீவு போட்டுவிட்டு நியூயார்க் பஸ் ஏறிவிடுவார். சீரியலில் கதாநாயகன் முன்னால் நின்று வசனம் பேசும்போது, பின்னால் இருவர் ஏதோ பேசிக்கொண்டிருப்பார்கள் அல்லவா? அதில் ஒருவர் நம் பசீர். சத்தம் வரக்கூடாது, உதடு மட்டும் அசைய வேண்டும். மற்றவர்கள் "பட்டாணி, கேரட்" என்று ஆங்கிலத்தில் ஒப்பேற்றுவார்கள். "நெஜமாவே பேசிட்டா நடிக்கவே வேணாமே!" என்பது இவர் கட்சி. வீட்டு விஷயத்தைத் தமிழிலேயே பேசுவார். அமெரிக்காவில் யாருக்குப் புரியப் போகிறது?

ஒருநாள் அவர் நடித்த சீரியலை டி.வி.யில் பார்க்க வீட்டு விருந்துக்கு வந்திருந்த தமிழர்கள் அத்தனை பேருக்கும் புரிந்தது. ஆபரேஷன் தியேட்டர் வாசலில் டாக்டர் பசீர், முகமெல்லாம் கவலையாக, "நஜீமா கொழம்புல உப்பு ஜாஸ்தி, யாரு சொல்றது?" என்று உதடசைத்துக்கொண்டிருந்தார். எதிர்வீட்டு ஷ்யாமளா ரிமோட்டைப் பிடுங்கி, ரீவைண்ட் செய்து செய்து காட்டினாள். அந்த வாரம் முழுக்க வீட்டில் உப்பே கிடையாது.

வாய் திறந்து பேசும் வேஷம் வராமல் இல்லை. 2001க்குப் பிறகு நிறையவே வந்தது. எல்லாமே குண்டு வைக்கிறவன். "நம்ம மூஞ்சிக்கு வேற வேலையே கெடையாதா? வேணாம் போ" என்று திருப்பி அனுப்பிவிடுவார். பொல்லாத ரோஷக்காரர். நடுவில் கிடைத்த ஒரே ஒரு "எஸ் சார்" எடிட்டிங்கில் பறிபோனது.

2008இல் அடித்தது யோகம். டாக்டர் வேஷம், ஒரு முழு வசனம்: "யூ கேன் டேக் ஹிம் ஹோம்." கதையில் வரும் ஒரு அம்மாவிடம், குணமான பிள்ளையை வீட்டுக்கு அழைத்துப் போகச் சொல்ல வேண்டும். மகள் நிதா, "ஸ்லோவர், அத்தா" என்று திருத்தித் திருத்திக் களைத்தாள். சாப்பாட்டு மேஜையில் வசனம், காரில் வசனம்.

ஒளிபரப்பான மாலை கூடத்தில் கால்வைக்க இடமில்லை. "பாய், இன்னிக்கு கொழம்புல என்ன கொறை?" என்று ஷ்யாமளா வம்புக்கிழுத்தாள். பசீர் சிரிக்கவில்லை. இந்த வசனமும் கத்தரிக்குப் போயிருந்தால்?

டி.வி.யில் அம்மா அழுதுகொண்டிருந்தாள். கதவு திறந்தது. டாக்டர் வந்தார்.

"யூ கேன் டேக் ஹிம் ஹோம்."

கணீரென்று, ஒரு சொல் குறையாமல்! கூடம் அதிர்ந்தது. நிதா சோபாவில் ஏறிக் குதித்தாள். பசீர் மட்டும் டி.வி.யைப் பார்க்கவில்லை. சமையலறை வாசலில், கையில் கரண்டியோடு நின்ற நஜீமாவைப் பார்த்துக்கொண்டிருந்தார். அந்த வசனத்தைச் சத்தமில்லாமல் கூடவே சொல்லி முடித்திருந்தன நஜீமாவின் உதடுகள்.

அத்தனை கூச்சலுக்கும் நடுவே பசீர் அவரைப் பார்த்து, குரலே இல்லாமல் உதடசைத்தார்: "இன்னிக்கு உப்பு கரெக்ட்."