கொக்கி போட்ட கை

எண்பதுகளில் நான் திருவண்ணாமலையில் ஜூனியர் வக்கீல். அடி அண்ணாமலையில் சோடாக் கடை வைத்திருந்த பெரியவர் ஒருவர் எங்களிடம் வந்தார். பௌர்ணமிக் கூட்டத்துக்காகக் கடையில் ஒரு பல்பு எரிய, அவர் மகன் மின்கம்பியில் கொக்கி போட்டிருக்கிறான். விடிந்ததும் லைன்மேன் வருவதற்குள் அதைக் கழற்றப் போனவன் ஷாக் அடித்துச் செத்துப்போனான். அவனை எரித்த வாரமே, கடை அப்பா பெயரில் இருந்ததால், அவர் மேல் மின்திருட்டு வழக்குப் போட்டார்கள்.

பெரியவருக்கு வலது தோள் இறங்கிப்போயிருந்தது. கும்பிடுவதென்றால்கூட இடது கையால் வலது கையைத் தூக்கிப் பிடித்துத்தான் கும்பிடுவார்.

"பையன்தான் போட்டான்னு உள்ளதைச் சொல்லிடுங்க பெரியவரே, கேஸ் நிக்காது" என்றேன்.

"அவனே பூட்டான் சார். இன்னும் அவனைத் திருடன்னு வேற எழுதணுமா?"

கோர்ட்டில் மாஜிஸ்திரேட் கேட்டார்: "கொக்கி போட்டது யாரு?"

"நான்தாங்க. இந்தக் கையாலதான் போட்டேன்."

தூக்கிக் காட்டப் பார்த்தார். கை மார்புக்கு மேல் எழவில்லை. இடது கையால் அதைப் பிடித்து, தலைக்கு மேல் உயர்த்தினார். வலியில் முகம் கோணியது. தீர்ப்பு எழுதி முடியும்வரை அவர் அதை இறக்கவேயில்லை.