புதன்கிழமை, மதியத்துக்கு மேல்

ஆறு வாரமாக இந்தப் பக்கத்தில் நான் இல்லை. 'ஆசாமி ஒழிந்தானா?' என்று ஒரு வாசகர் ஆவலோடு விசாரித்திருக்கிறார். மன்னிக்க வேண்டும், ஐயா. ஒழியவில்லை. ரங்கூன் வரை போயிருந்தேன்.

கப்பலிலேயே தீர்மானம் செய்துவிட்டேன் — திரும்பியதும் அமர்க்களமாக ஒரு கட்டுரை! பகோடா எத்தனை அடி, கோபுரத்தில் எவ்வளவு தங்கம், அரசாங்கக் கட்டடத்துக்கு எத்தனை ஜன்னல்... எல்லாம் ஒரு கைடு புஸ்தகத்தில் இருந்தது. என் சம்சாரம் அம்புஜம் கடல் மயக்கத்தில் சுருண்டு கிடந்தபோதுகூட நான் பென்சிலால் அடிக்கோடு போட்டுக்கொண்டிருந்தேன்.

அதில் ஒரு வரிகூட இங்கே வரப்போவதில்லை.

நாங்கள் ஊர் பார்க்கவா போனோம்? அம்புஜம் தன் தம்பியைப் பார்க்கப் போனாள்.

தம்பி ராமு அவளுக்குப் பதினோரு வயசு இளையவன். தாயாரும் தகப்பனாரும் ஒரே வருஷத்தில் போய்விட்டார்கள். பதினாலு வயசில் எங்கள் வீட்டுக்கு மருமகளாக வந்தபோது, அம்புஜம் சீர் பாத்திரங்களோடு மூன்று வயசுத் தம்பியையும் இடுப்பில் வைத்துக்கொண்டு வந்தாள். எனக்கு முதல் பிள்ளை அவன்தான் என்று வைத்துக்கொள்ளுங்களேன்.

படித்தான். உடும்பஞ்சோலைப் பக்கம் ஓர் ஏலத் தோட்டத்தில் கிளார்க்காகப் போனான். குளிரும் அட்டைக் கடியும் தாங்காமல் ஆறே மாசத்தில் மலையிறங்கி வந்துவிட்டான். பாலக்காட்டில் எங்கள் கிராமத்தில் அப்போது வீட்டுக்கு ஒருவன் ரங்கூனில் இருந்தான். இவனும் கப்பலேறினான்.

மூன்று வருஷத்துக்கு முன் ஒரு கடிதம் வந்தது. நாலு பக்கம். ஒரு பர்மாக்காரப் பெண்ணைக் கல்யாணம் செய்துகொண்டுவிட்டானாம். அவள் பெயர் இன்னது, குணம் இன்னது, அக்காவின் ஆசீர்வாதம் வேண்டும் என்றெல்லாம் மீதியில் இருந்திருக்கும்...

முதல் பக்கத்தில் 'கல்யாணம்' என்ற வார்த்தை வந்ததுமே நான் அதைக் கிழித்து அடுப்பில் போட்டேன். அம்புஜம் கண்ணில்கூடக் காட்டவில்லை; விஷயத்தை மட்டும் வாயால் சொன்னேன். 'இனி இந்த வாசற்படியை மிதிக்காதே' என்று பதில் எழுதியதும் நானேதான். நல்ல தமிழில், ஒரு பிழை இல்லாமல் எழுதினேன். எழுத்தாளன் இல்லையா?

அம்புஜம் என்னை ஒரு வார்த்தை கேட்கவில்லை. ஆனால் வருஷா வருஷம் தம்பியின் நட்சத்திரத்தன்று பாயசம் வைப்பாள். எனக்கு ஊற்றுவாள். தான் தொட மாட்டாள். மூன்று வருஷம் அந்தப் பாயசத்தைத் தனியாகக் குடித்தவன் நான். அது தொண்டையில் இறங்குகிற லட்சணம் எனக்குத்தான் தெரியும்.

இந்த வருஷம் பாயசத்தை வைத்துவிட்டு அவளே பேசினாள்.

"ஏன்னா, அம்பியை எனக்கு ஒரு தடவை கண்ணால பாக்கணும். அவளை நான் பாக்க வேண்டாம். அவ கையால ஒரு சொட்டு ஜலம்கூட எனக்கு வேண்டாம். அவன் நன்னா இருக்கானான்னு மாத்திரம் பாத்துட்டு வந்துடறேன்."

ராமுவுக்கு ஒரு தந்தி கொடுத்துவிட்டுப் புறப்பட்டோம். ரங்கூன் துறைமுகத்தில் இறங்கினால்... ராமு இல்லை! நாங்கள் தங்குவதாக இருந்த வீட்டுக்காரர் — எங்கள் ஊர்க்காரர்தான் — ஒரு சீட்டை நீட்டினார். 'ஆபீசில் லீவு இல்லை. நாளைக் காலை ஒரு காரும் கைடும் வரும். பழைய ரங்கூன், புது ரங்கூன் இரண்டையும் ஒரே நாளில் காட்டிவிடும்படி சொல்லியிருக்கிறேன். சாயங்காலம் பார்க்கலாம். — ராமு.'

"நான் ஊர் பாக்கவா சமுத்திரம் தாண்டி வந்தேன்?" என்றாள் அம்புஜம். அன்று அவள் சாப்பிடவில்லை.

காலையில் கார் வந்தது. கைடும் வந்தாள். ஆம், வந்தாள்! அந்த ஊரில் கடை வைப்பது, பேரம் பேசுவது எல்லாம் பெண்கள்தாம் என்று புஸ்தகத்தில் படித்திருந்தேன். இருந்தாலும் திடுக்கென்றது. வெள்ளைச் சட்டை, பச்சைப் பட்டு லுங்கி, கொண்டையில் ஒரு கொத்துப் பூ. தோளில் தண்ணீர் பிளாஸ்க். இருபத்தைந்து வயசு இருக்கலாம்.

"நமஸ்காரம். என் பேர் மா கின். பள்ளிக்கூடத்துல டீச்சர். இன்னைக்கு உங்களுக்கு ஊரைக் காட்டித்தரப் போறேன்."

அசல் எங்கள் கிராமத்துப் பேச்சு!

"இந்தத் தமிழை எங்கே படிச்சே?" என்றேன்.

"இங்கே உங்க ஊர்க்காரா நிறைய உண்டே" என்றாள், தலையைக் குனிந்துகொண்டு.

நீங்கள் இதற்குள் கண்டுபிடித்திருப்பீர்கள். வாசகர்கள் புத்திசாலிகள். எனக்கு மட்டும் ஒன்றும் உறைக்கவில்லை. நான் புஸ்தகத்தில் பதினேழாம் பக்கம் பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஷ்வேடகான் பகோடா ஒரு குன்றின் மேல் இருக்கிறது. கீழேயே செருப்பைக் கழற்ற வேண்டும். நமக்கென்ன, கோயிலுக்குச் செருப்போடு போய்ப் பழக்கமா? கூரை போட்ட நீளமான படிக்கட்டு. இரண்டு பக்கமும் பூக்கடை, மெழுகுவர்த்திக் கடை, சுருட்டுக் கடை. அம்புஜம் இடது கையில் செம்புச் சொம்போடு ஏறினாள். வெளியூரில் வெளி ஜலம் குடிக்கிற வழக்கம் அவளுக்குக் கிடையாது. தங்கியிருந்த வீட்டுக் கிணற்றில் தானே இறைத்து, தானே மூடி எடுத்துக்கொண்டு வந்த தண்ணீர். பகல் முழுக்க அதுதான் அவளுக்கு.

"அத்திம்பேர், பாத்து வாங்கோ. இந்தப் படி வழுக்கும்" என்றாள் மா கின்.

அத்திம்பேர்! அக்கா புருஷனை அல்லவா அப்படிக் கூப்பிடுவது? ரங்கூன் கைடுகளுக்குத்தான் என்ன மரியாதை என்று நோட்டில் குறித்துக்கொண்டேன். நிஜமாகவே குறித்தேன். நோட்டு இப்போதும் மேஜை மேல் இருக்கிறது.

அம்புஜம் சொம்பை மார்போடு சேர்த்துப் பிடித்துக்கொண்டாள்.

மேலே போனதும் நான் வாயடைத்துப் போனேன். அது அடிக்கடி நடக்கிற விஷயம் இல்லை. வெயிலில் தங்கம் பளீரென்று அடிக்கிறது. தளத்துக் கல் காலைச் சுடுகிறது. மா கின் நிழல் பார்த்து நிழல் பார்த்து அம்புஜத்தை நடத்திக்கொண்டு போனாள். புத்தர் முன்னால் அம்புஜம் கன்னத்தில் போட்டுக்கொண்டாள். "யாரானா என்ன, சுவாமிதானே?" என்றாள் என்னைப் பார்த்து. நான் ஆட்சேபிக்கவே இல்லை!

அங்கே ஒரு வழக்கம் உண்டு. கோபுரத்தைச் சுற்றிக் கிழமைக்கு ஒரு மூலை. நீங்கள் பிறந்த கிழமையின் மூலைக்குப் போய், அங்குள்ள சிறிய புத்தருக்கு வயசுக்கு ஒரு தம்ளரும், கூட ஒன்றும் ஜலம் விட வேண்டும். ஒவ்வொரு மூலைக்கும் ஒரு மிருகம் காவல்.

"அத்திம்பேர் என்ன கிழமை?" என்றாள் மா கின்.

விழித்தேன். மகம், சிம்ம மாசம் என்று தெரியும். கிழமை? நம்மில் யார் கிழமை பார்த்துப் பிறந்தநாள் கொண்டாடுகிறோம்? உங்களைத்தான் கேட்கிறேன், உங்களுக்குத் தெரியுமா? அம்புஜத்துக்கும் தன் நட்சத்திரம்தான் தெரியும். சமுத்திரம் தாண்டி வந்தும் இரண்டு பேருக்கும் மூலை இல்லை!

"எனக்கு ஒருத்தனோட கிழமை தெரியும்" என்றாள் அம்புஜம் மெள்ள. "புதன்."

மா கின் தலையசைத்துவிட்டு முன்னால் நடந்தாள். சுற்றிக்கொண்டு போய், தந்தமில்லாத ஒரு யானை இருந்த மூலையில் நின்றாள். அம்புஜம் அங்கிருந்த தம்ளரைத் தொடவில்லை. சொம்பின் மூடியைத் திறந்தாள். கொஞ்சம் கொஞ்சமாக, வாய்க்குள் எண்ணிக்கொண்டே, இருபத்தொன்பது தடவை சாய்த்தாள். தன் தாகத்துக்கு ஒரு வாய் வைத்துக்கொள்ளவில்லை.

அப்போதுதான் நான் — புஸ்தகப் புழு — கேட்டேன். "இரு, இரு. புதன்கிழமைக்கு மட்டும் இரண்டு மூலைன்னு போட்டிருக்கே? காலையில பிறந்தா தந்தமுள்ள யானை, மதியத்துக்கு மேலே பிறந்தா தந்தமில்லாத யானை. காலையா மதியமான்னு நீ கேக்கவே இல்லையே?"

மா கின்னின் முகம் வெளுத்துவிட்டது.

அம்புஜம் சொம்பைக் கீழே வைத்தாள்.

"அவன் பிறந்தது மத்தியான ஊண் கழிஞ்சு இலை எடுக்கற சமயம். நான்தான் இலை எடுத்துண்டிருந்தேன். குழந்தை அழற சத்தம் கேட்டு இலையை அப்படியே போட்டுட்டு ஓடினேன். அதைச் சொல்ல இன்னைக்கு என்னைத் தவிர யாரும் இல்லை. நான் அவன் ஒருத்தன் கிட்டதான் சொல்லியிருக்கேன். உனக்கு யார் சொன்னா?"

"அவர்தான் சொன்னார். அக்கா கதை இல்லாம அவருக்கு ஒரு நாள் கழியாது" என்றாள் அந்தப் பெண். கண் நிறைந்துவிட்டது. "மாசாமாசம் நான் வந்து அவருக்கு இங்கே ஜலம் விடறேன், அக்கா. இன்னைக்கு நீங்க விட்டேள்."

அம்புஜம் திரும்பி நடந்துவிடுவாளோ? சொம்பை எடுத்துக்கொண்டு நேரே துறைமுகத்துக்குப் போகலாம் என்பாளோ? அம்புஜம் தங்கக் கோபுரத்தை அண்ணாந்து பார்த்தாள். பிறகு காலிச் சொம்பை எடுத்தாள்.

"புது ஊரும் காட்டித்தரேன்னு சொன்னியே. காட்டு."

அவ்வளவுதான். காரில் ஏறினோம்.

ஆற்றோரத்தில் புதிதாகக் கட்டிய ஓர் ஆறு மாடிக் கட்டடம். மொட்டை மாடியிலிருந்து ரங்கூன் முழுவதும் தெரியும் என்றாள் மா கின். ஏறுவதற்கு லிப்ட். அம்புஜம் ஜன்மத்தில் லிப்ட் பார்த்ததில்லை. கதவு சாத்தியதும் கூண்டு ஒரு குலுக்குக் குலுக்கி எழும்பிற்று. "ஐயோ, குருவாயூரப்பா!" என்று பக்கத்திலிருந்த கையைப் பிடித்துக்கொண்டாள். பக்கத்தில் இருந்தது நான் இல்லை. லிப்ட் நின்று, கதவு திறந்து, நாங்கள் வெளியே வந்த பிறகும் அந்தக் கையை அவள் விடவில்லை.

என்ன காட்சி! ஆறு, ஆற்றில் கப்பல்கள், அக்கரையில் ஆலைப் புகைபோக்கிகள். இக்கரையில் கடிகாரக் கோபுரங்கள், வரிசை வரிசையாக மாடி ஆபீசுகள், டிராம் வண்டிகள். அத்தனைக்கும் பின்னால், காலையில் நாங்கள் நின்ற பகோடா உள்ளங்கை அளவாகத் தெரிந்தது.

அம்புஜம் நாலு பக்கமும் திரும்பிப் பார்த்தாள்.

"மலை எங்கே?" என்றாள்.

பாலக்காட்டில் எந்த மாடியில் நின்றாலும் வடக்கே ஒரு மலை, தெற்கே ஒரு மலை. அங்கேதான் நமக்கு ஊர் முடியும். இந்த ஊர் முடியவே இல்லை.

"அவரும் முதல் தடவை அதான் கேட்டாராம்" என்றாள் மா கின். "மலை தெரியாத ஊர்ல ஆறு மாசம் உறக்கமே வரலைன்னு சொல்வார்."

"எங்கே அவன்?"

"இந்தக் கட்டடத்துலதான் அவர் ஆபீஸ். நாலாம் மாடி. 'அக்கா முகத்தைப் பாரு. கோபம் இருந்தா ஒண்ணும் சொல்லாம ஊரைக் காட்டிட்டு அனுப்பிடு. நான் ஜன்னல் வழியா அக்கா போறதைப் பாத்துக்கறேன்'னார். அவருக்கு ஒரே பேடி, பயம், அக்கா. எனக்கும்தான்."

இந்த இடத்தில் நான் பேசியாக வேண்டும் இல்லையா? பேசினேன். "உன் பேரை அவன் கடுதாசியில எழுதியிருந்தான், குழந்தை. நான்தான் படிக்காமக் கிழிச்சேன். இவ அதைப் பாக்கவே இல்லை."

"நீங்க போட்ட பதிலை அவர் பத்திரமா வெச்சிருக்கார், அத்திம்பேர். தமிழ் ரொம்ப நன்னா இருக்குன்னு எனக்கு வாசிச்சுக் காட்டினார்."

கேலி இல்லை. கோபம் இல்லை. நிஜமாகச் சொன்னாள். முப்பது வருஷ எழுத்து வாழ்க்கையில் இப்படி ஒரு விமரிசனம் எனக்குக் கிடைத்ததில்லை. மூஞ்சியைக் கப்பல் பக்கம் திருப்பிக்கொண்டேன்.

வெயில் ஏறியிருந்தது. அம்புஜத்தின் உதடு காய்ந்திருந்தது. காலிச் சொம்பு கையில். மா கின்னின் தோளில் பிளாஸ்க். அவள் அதைத் தொடுகிறாள், கையை எடுத்துக்கொள்கிறாள். கொடுக்கத் துணிவில்லை. ராமு சொல்லியிருப்பான், அக்காவின் ஆசாரத்தை.

அம்புஜம் சொம்பை நீட்டினாள்.

"கின்னு, கொஞ்சம் ஜலம் விடு."

அந்தப் பெண் அவசரமாக பிளாஸ்கைத் திறந்து சாய்த்தாள். பாதித் தண்ணீர் தரையில். மீதியை அம்புஜம் அண்ணாந்து, ஒரு சொட்டு விடாமல் குடித்தாள். முந்தானையால் வாயைத் துடைத்துக்கொண்டாள். துடைத்தது வாயை மட்டும் இல்லை.

"போய் அவனைக் கூட்டிண்டு வா. லீவு இல்லையாம், லீவு! அக்கா கூப்பிடறான்னு சொல்லு."

ராமு லிப்டுக்குக் காத்திருக்கவில்லை. படியேறி ஓடி வந்தான். அம்புஜம் அவன் முதுகில் பளாரென்று ஒன்று வைத்தாள். அப்புறம் அழுதாள். அப்புறம் எல்லோரும் அழுதோம். அதை விவரிப்பானேன்? அன்று ராத்திரி சாப்பாடு எங்கே என்று நீங்கள் கேட்க மாட்டீர்கள்.

ஊர் திரும்பியதும் முதல் வேலையாகப் பெட்டியிலிருந்து ஜாதகங்களை எடுத்தேன். அம்புஜம் சனி. நான் செவ்வாய். இரண்டையும் ரங்கூனுக்கு எழுதிப் போட்டேன்.

நேற்றுப் பதில் வந்தது. ராமு கையெழுத்து, கின்னுவின் பேச்சு. அக்காவுக்கு நாற்பது தம்ளர் விட்டாளாம். எனக்கு நாற்பத்தேழு.

'அதில் நாற்பத்தாறு, அத்திம்பேர் தீர்க்காயுசாக இருக்க. கடைசி ஒன்று மட்டும், அந்தக் கிழித்த கடுதாசிக்காகக் கொஞ்சம் வேகமாக விட்டேன். மன்னிக்கவும்.'